'ரோட் டு பெர்டிஷன்': படமா, கிராஃபிக் நாவலா, மங்காவா? எதில் தொடங்கலாம்?

'ரோட் டு பெர்டிஷன்' பற்றிக் கேட்கிறவர்கள் பெரும்பாலும் மூன்று வகை. முதல் வகை காமிக்ஸ் வாசகர்கள். படத்தை முதலில் பார்த்துவிட்டால் புத்தகத்தின் ருசி போய்விடுமோ என்பது அவர்கள் பயம். இரண்டாவது வகை டாம் ஹாங்க்ஸ் படம் என்று தேடி வருகிறவர்கள். இதற்கு மூலமாக ஒரு கிராஃபிக் நாவல், அதாவது நாவல் நீளச் சித்திரக்கதை, இருப்பதே அவர்களுக்குப் புதுச் செய்தி. மூன்றாவது வகை மங்கா எனும் ஜப்பானியச் சித்திரக்கதைகளைப் படித்து வளர்ந்த இளைஞர்கள். "இதெல்லாம் 'லோன் வுல்ஃப் அண்ட் கப்' மங்காவிலிருந்து வந்ததுதானே, நேராக அதையே படித்துவிட்டால் என்ன?" என்று கேட்கிறார்கள்.

மூன்றுமே நியாயமான கேள்விகள். மூன்றுக்கும் ஒரே பதில் கிடையாது. இந்த மூன்றையும் நேசிக்கிறவன் என்ற முறையில், யாருக்கு எது பொருந்தும் என்று எனக்குப் பட்டதை எழுதுகிறேன்.

படத்துக்கும் நாவலுக்கும் பொதுவான கதையை மட்டும் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். அமெரிக்காவில் மதுவிலக்கு முடியப்போகும் காலம், 1930-31. மிஸிஸிப்பி ஆற்றங்கரையில், இல்லினாய் மாநிலத்தில் ராக் ஐலண்ட் என்ற ஊர். அங்கே ஒரு ஐரிஷ் தாதாவிடம் மைக்கேல் என்பவன் அடியாளாக இருக்கிறான். வீட்டில் மனைவி, இரண்டு பையன்கள். அப்பா ராத்திரியில் என்ன வேலைக்குப் போகிறார் என்று தெரிந்துகொள்ள மூத்தவன் ஒருநாள் காரில் ஒளிந்துகொண்டு போகிறான். போன இடத்தில் கொலையைப் பார்த்துவிடுகிறான். சாட்சி இருக்கக் கூடாது என்று தாதாவின் மகன் கோனர் மைக்கேலின் வீட்டுக்கே வருகிறான். மனைவியும் இளைய பையனும் செத்துப்போகிறார்கள். மிஞ்சிய அப்பாவும் மகனும் காரை எடுத்துக்கொண்டு கிளம்புகிறார்கள். இதற்குமேல் கதையைத் தொட மாட்டேன். முடிவு பற்றி ஒரு வார்த்தையும் இந்தக் கட்டுரையில் வராது.

## எதை வைத்து எடை போடுவது?

முதலாவது, உங்களிடம் இருக்கும் நேரமும் பணமும். இரண்டு மணி நேரத்தில் முடிவதும், சில மாதங்கள் கேட்பதும் இந்த மூன்றில் இருக்கின்றன.

இரண்டாவது, ரத்தம். மூன்றுமே கொலையைப் பற்றியவைதான். ஆனால் கொலையை எப்படிக் காட்டுகின்றன என்பதில் நிறைய வித்தியாசம். வீட்டில் யாரோடு உட்கார்ந்து பார்க்கப்போகிறீர்கள் என்பதை இதுதான் தீர்மானிக்கும்.

மூன்றாவது, காலம். இது பீரியட் கதை. அந்தக் காலம் வெறும் தொப்பியும் கோட்டும்தானா, நிஜமாகவே அங்கே நடந்ததோடு ஒட்டுகிறதா என்று பார்க்க வேண்டும்.

நான்காவதும் எனக்கு முக்கியமானதுமான விஷயம், அப்பாவும் மகனும். கடைசியில் இது அவர்கள் கதை. யார் கண் வழியாகக் கதை நகர்கிறது என்பதைப் பொறுத்து எல்லாமே மாறிவிடும்.

ஐந்தாவது, ஒன்று மற்றொன்றைக் கெடுக்குமா என்பது. முதலில் எதைப் பார்த்தாலும் அடுத்ததன் சில திருப்பங்கள் தெரிந்துபோகும். எதில் இழப்பு குறைவு என்று யோசிக்க வேண்டும்.

## படம் (2002)

சாம் மெண்டிஸ் இயக்கிய இரண்டாவது படம் இது. முதல் படத்துக்கே ஆஸ்கர் வாங்கிய மனிதர், அடுத்ததாக ஒரு காமிக்ஸை எடுத்தது அப்போது பலருக்கு ஆச்சரியம். டேவிட் செல்ஃப் திரைக்கதை, தாமஸ் நியூமன் இசை, கான்ராட் எல். ஹால் ஒளிப்பதிவு. ஓடும் நேரம் 117 நிமிடம்.

இந்தப் படத்தின் பலம் பேசாமல் இருப்பது. தொடக்கத்தில் ஒரு சாவு வீட்டுக் காட்சி வருகிறது. பிணத்தைப் பனிக்கட்டி மேல் கிடத்தியிருக்கிறார்கள், பனி உருகுகிறது. கூடம் நிறைய ஆட்கள், குடி, பாட்டு. நடுவில் தாதா ரூனியாக வரும் பால் நியூமன் பியானோவில் உட்கார்ந்து ஒரு மெட்டை வாசிக்கத் தொடங்குகிறார். மைக்கேலாக வரும் டாம் ஹாங்க்ஸ் பக்கத்தில் உட்கார்ந்து மறு பாதியை வாசிக்கிறார். இரண்டு பேரும் வாய் திறப்பதில்லை. கிழவருக்கு இவன்தான் உண்மையான மகன் என்பது அந்த ஒரு நிமிடத்தில் தெரிந்துவிடுகிறது. கூட்டத்தில் நின்று அதைப் பார்க்கும் சொந்த மகன் கோனரின் முகத்தை மறக்காமல் கவனியுங்கள். டேனியல் கிரெய்க், ஜேம்ஸ் பாண்ட் ஆவதற்குச் சில வருடங்கள் முந்தைய டேனியல் கிரெய்க். பின்னால் நடக்கும் எல்லாக் கொலைக்கும் விதை அந்த முகத்தில் இருக்கிறது.

இன்னொரு காட்சி. கொட்டும் மழை, ராத்திரி, தெரு. குடை பிடித்த ஆட்கள் காரை நோக்கி நடந்து வருகிறார்கள். தூரத்து இருட்டில் துப்பாக்கியின் தீப்பொறி மட்டும் மின்னுகிறது. சத்தம் கிடையாது. இசை மட்டும். ஆட்கள் ஒவ்வொருவராகச் சரிகிறார்கள். சுட்டுக்கொள்ளும் காட்சிகளை எத்தனையோ படத்தில் பார்த்திருக்கிறோம். சத்தத்தை எடுத்துவிட்டால் அதே காட்சி இப்படிக் கனக்கும் என்று எனக்குக் காட்டிய படம் இதுதான்.

ரத்தம் விஷயத்தில் மெண்டிஸ் ரொம்பவே கையை இழுத்துப் பிடித்திருக்கிறார். பல கொலைகளை நேராகக் காட்டுவதே இல்லை. கதவிடுக்கில் பையன் பார்ப்பது, சாவைப் பார்க்கிறவன் முகம், கொலைக்குப் பிறகான அமைதி, இப்படித்தான் போகிறது. இருந்தாலும் அமெரிக்காவில், பதினேழு வயதுக்குக் குறைந்தவர்கள் பெரியவர் துணையோடு மட்டுமே பார்க்கலாம் என்ற 'ஆர்' சான்றிதழ் பெற்ற படம். பத்து வயதுப் பிள்ளையோடு உட்கார்ந்து பார்க்கிற படம் கிடையாது. பதினைந்து பதினாறு வயதுப் பையனோடு அப்பா சேர்ந்து பார்க்கலாம் என்பது என் அபிப்பிராயம். பார்த்தபின் பேச நிறைய இருக்கும்.

காலம் பற்றிச் சொல்வதென்றால், தோற்றத்தில் குறை சொல்ல இடமில்லை. சிகாகோவிலும் சுற்றுவட்டாரத்திலும் உண்மையான தெருக்களிலேயே நிறைய எடுத்தார்கள். குளிர்காலத்தின் சாம்பல் நிறம் படம் முழுக்க அப்பிக்கிடக்கிறது. ஆனால் வரலாற்றிலிருந்து படம் வேண்டுமென்றே தள்ளி நிற்கிறது. சிகாகோவின் பிரபல தாதா அல் கபோன் படத்தில் வருவதில்லை. அந்தோணி லபாக்லியா கபோனாக நடித்த காட்சி எடுக்கப்பட்டு, கடைசியில் வெட்டப்பட்டது. கபோனின் ஆளாக ஃப்ராங்க் நிட்டி மட்டும் வருகிறான். நாவலில் இல்லாத ஒரு ஆளைப் படம் புதிதாகச் சேர்த்தது: ஜூட் லா நடித்த மகுவையர். பிணங்களைப் படம் பிடிக்கும் புகைப்படக்காரன், கூலிக்கொலையும் செய்கிறவன். நியூயார்க்கில் குற்றச் சம்பவங்களைப் படமெடுத்துப் பேர் வாங்கிய வீஜி என்ற புகைப்படக்காரரின் சாயல் அவனிடம் உண்டு. நல்ல சேர்க்கைதான். துரத்தலுக்கு ஒரு முகம் வேண்டும் என்று திரைக்கதை நினைத்தது புரிகிறது. ஆனால் அவன் வரும்போதெல்லாம் கதை அப்பா, மகன் பக்கத்திலிருந்து கொஞ்சம் விலகுகிறது. அதைச் சொல்லாமல் விட முடியவில்லை.

மறைமுகச் செலவு என்று ஒன்று படத்துக்கும் உண்டு. அது திரை. கான்ராட் ஹால் இந்தப் படத்தில் இருட்டை வைத்து வரைந்திருக்கிறார். அறையின் ஒரு மூலையில் மட்டும் வெளிச்சம், மிச்சமெல்லாம் கறுப்பு, அந்தக் கறுப்புக்குள்ளும் மரச்சுவரின் வரிகள். இதை மொபைலில் பகல் வெளிச்சத்தில் பார்த்தால் கறுப்பு மட்டும்தான் தெரியும். அகலத்திரைப் படம் என்பதால் மேலும் கீழும் பட்டை விழுந்து, மிஞ்சுவதும் ஒரு கீற்றுதான். வீட்டில் இருப்பதிலேயே பெரிய திரையில், விளக்கை அணைத்துவிட்டு, ராத்திரியில் பாருங்கள். முடியாதென்றால் கொஞ்ச நாள் தள்ளிப்போடுங்கள், தப்பில்லை. இந்த ஒளிப்பதிவுக்காக ஹாலுக்கு மூன்றாவது ஆஸ்கர் கிடைத்தது. விழா 2003 மார்ச்சில். அவர் அந்த ஜனவரியிலேயே காலமாகிவிட்டார். மகன் மேடையேறி வாங்கிக்கொண்டார். அப்பா-மகன் படத்துக்கு அப்படி ஒன்று நேர்ந்ததை நினைத்தால் எனக்கு இன்னும் தொண்டை அடைக்கும்.

பால் நியூமன் திரையரங்குப் படம் ஒன்றில் முகம் காட்டி நடித்த கடைசிக் கதாபாத்திரமும் ரூனிதான். அதற்காகவே பார்க்கலாம்.

## கிராஃபிக் நாவல் (1998)

எழுதியவர் மாக்ஸ் ஆலன் காலின்ஸ். வரைந்தவர் இங்கிலாந்துக்காரரான ரிச்சர்ட் பியர்ஸ் ரெய்னர். டிசி காமிக்ஸ் நிறுவனத்தின் பாரடாக்ஸ் பிரஸ் என்ற பிரிவில் வந்தது. டேவிட் க்ரோனென்பெர்க் பின்னால் படமாக எடுத்த 'எ ஹிஸ்டரி ஆஃப் வயலன்ஸ்' கிராஃபிக் நாவலும் இதே பிரிவிலிருந்து வந்ததுதான். கறுப்பு வெள்ளை, சுமார் 300 பக்கம். ரெய்னர் இதை வரைந்து முடிக்க நாலு வருடம் பிடித்தது. பக்கத்தைப் புரட்டும்போதே அது தெரியும். காரின் சக்கரக் கம்பி, ஹோட்டல் முகப்பின் செங்கல், தொப்பியின் நிழல் என்று ஒவ்வொன்றுக்கும் பேனாக்கோடுகளை மேலுக்கு மேல் இழைத்திருக்கிறார். சிவகாசியிலிருந்து வந்த முத்து, லயன் காமிக்ஸ்களைக் கறுப்பு வெள்ளையில் படித்தவர்களுக்கு இந்தப் பக்கங்களுக்குள் நுழைவது சுலபம்.

கதையைச் சொல்வது மகன். வளர்ந்து பெரியவனான பிறகு திரும்பிப் பார்த்துச் சொல்கிறான். படத்திலும் பையனின் குரல் தொடக்கத்தில் வருகிறது என்றாலும், பெரும்பாலும் நாம் அப்பாவை வெளியிலிருந்து பார்க்கிறோம். நாவலில் அந்தக் குரல் கடைசிவரை கூடவே வருகிறது. அப்பாவைப் பற்றிப் பெருமையா குற்றவுணர்வா என்று அவனுக்கே தெளிவில்லாத குரல். கத்தோலிக்க வீட்டில் வளர்ந்தவன். அவன் சொல்வதில் பாவசங்கீர்த்தனம் செய்கிறவனின் தொனி இருக்கிறது. நாலாவது அளவுகோலில் எனக்கு நாவல் படத்தை முந்துவது இதனால்தான். 'இந்த அப்பாவிடமிருந்து பையனைக் காப்பாற்ற முடியுமா' என்று படம் கேட்கிறது. நாவல் அதைத் தாண்டி, அந்தப் பையன் எதைச் சுமந்துகொண்டு வளர்ந்தான் என்பது வரை போகிறது.

ரத்தத்தில் மட்டும் நேரெதிர். காலின்ஸுக்கு ஹாங்காங் இயக்குநர் ஜான் வூவின் படங்கள் மேல் பெரிய மோகம். அதனால் நாவலின் மைக்கேல் ஓ'சல்லிவன், படத்தில் வரும் தளர்ந்த ஹாங்க்ஸ் கிடையாது. 'மரணத்தின் தேவதூதன்' என்று எதிரிகள் பேர் வைத்த ஆள். இரண்டு கையிலும் துப்பாக்கியோடு கூட்டத்துக்குள் இறங்குகிறான். பக்கம் பக்கமாகச் சண்டை. படத்தின் அமைதிக்குப் பழகியவர்களுக்கு இது முதலில் உறுத்தும். படத்தைப் பார்த்துவிட்டு அதே நிதானத்தை எதிர்பார்த்துப் புத்தகத்தைத் திறக்கிறவர்களுக்கு நான் கொடுக்கும் ஒரே எச்சரிக்கை இதுதான்.

காலம் என்ற அளவுகோலுக்கு வருவோம். நாவலின் தாதா பேர் ஜான் லூனி. படம் அதை ரூனி என்று மாற்றியது. லூனி கற்பனை ஆள் இல்லை. ராக் ஐலண்டில் உண்மையிலேயே இருந்தவர். வக்கீலுக்குப் படித்தவர். 'ராக் ஐலண்ட் நியூஸ்' என்று ஒரு பத்திரிகை நடத்தினார். ஊரில் யாருக்காவது ரகசியம் இருக்கிறது என்று தெரிந்தால் அது பத்திரிகையில் வரப்போவதாகச் செய்தி போகும். பணம் வந்தால் வராது. சூதாட்டம், விபசாரம், சாராயம் எல்லாம் அவர் கையில். மகன் கோனரும் நிஜம். 1922 அக்டோபரில் ராக் ஐலண்டில் நடந்த துப்பாக்கிச் சண்டையில் கோனர் செத்தான். அதே வருடம் பில் கேபல் என்ற மதுக்கடைக்காரர் கொலையானார். அந்த வழக்கில் 1925ல் லூனிக்குத் தண்டனை கிடைத்தது.

இந்த வருடங்களைக் கவனித்தால் ஒன்று புரியும். சிகாகோவில் கபோன் தலைமைக்கு வந்ததே 1925ல்தான். லூனியின் ஆட்டம் அதற்குள் முடிந்துவிட்டது. நாவலில் இருவரும் 1930ல் கூட்டாளிகளாக வருவது காலின்ஸ் செய்த இடமாற்றம். தெரியாமல் செய்ததில்லை. அவர் அதே வட்டாரத்துக்காரர். ஆற்றின் கீழ்ப்போக்கில் கொஞ்சதூரத்தில், அயோவா மாநிலத்தின் மஸ்கட்டின் ஊர்க்காரர். உண்மைக் குற்றச் சம்பவங்களை வைத்து நாவல் எழுதியே பேர் வாங்கியவர். 'டிக் டிரேசி' என்ற நாளிதழ்த் துப்பறியும் சித்திரத் தொடரை 1977லிருந்து பதினைந்து வருடத்துக்கு மேல் எழுதியவர். லூனியை எட்டு வருடம் தள்ளிவைத்தால் கபோனையும், அவரைத் துரத்திய மதுவிலக்கு அதிகாரி எலியட் நெஸ்ஸையும் கதைக்குள் கொண்டுவர முடியும்; கொண்டுவந்தார். ஆக, நாவலில் நிஜ மனிதர்கள் அதிகம், வருடக்கணக்கு கொஞ்சம் வளைந்திருக்கிறது. படத்தில் நிஜ மனிதர்கள் குறைவு, ஆனால் காலத்தின் குளிர் அதிகம். வரலாற்றில் ஆர்வமுள்ளவருக்கு நாவலில் தோண்ட நிறையக் கிடைக்கும்.

மறைமுகச் செலவுகள் இரண்டு. ஒன்று, பக்க அளவு. முதலில் வந்த பதிப்பு வழக்கமான காமிக்ஸைவிடச் சின்னது. ரெய்னரின் நுணுக்கமான கோடுகளுக்கு அது போதவில்லை. மொபைலில் மின்நூலாகப் படித்தால் இன்னும் மோசம். கட்டத்துக்குக் கட்டம் பெரிதாக்கிப் பார்க்கும்போது பக்கத்தின் அமைப்பே உடைந்துபோகும். டேப்லெட் இருந்தால் சரி, இல்லாவிட்டால் அச்சுப் புத்தகம். இரண்டாவது, குழப்பம். படத்தை ஒட்டி காலின்ஸே எழுதிய உரைநடை நாவல் ஒன்றும் இதே பேரில் இருக்கிறது. அதில் ஓவியம் கிடையாது. அட்டையில் டாம் ஹாங்க்ஸைப் பார்த்து மாற்றி வாங்கிவிடாதீர்கள். ஓவியர் ரெய்னரின் பேர் இருக்கிறதா என்று பார்த்து வாங்குங்கள்.

## லோன் வுல்ஃப் அண்ட் கப் (1970-76)

கசுவோ கொய்கே எழுதி, கோசேகி கோஜிமா வரைந்த ஜப்பானிய மங்கா. காலின்ஸ் தன் நாவலுக்கு இதுதான் தூண்டுதல் என்று வெளிப்படையாகவே ஒப்புக்கொண்டவர். ஜப்பானை ஷோகன் என்ற ராணுவத் தலைவர்கள் ஆண்ட எடோ காலம். ஷோகனின் அதிகாரபூர்வத் தலைவெட்டுநரான ஓகாமி இட்டோ, யாக்யூ குலத்தின் சூழ்ச்சியில் மனைவியையும் பதவியையும் இழக்கிறான். கைக்குழந்தை டைகோரோவை மரவண்டியில் வைத்துத் தள்ளிக்கொண்டு கூலிக்கொலைகாரனாக ஊர் ஊராகப் போகிறான்.

முதல் தொகுதியில் ஒரு காட்சி. அப்பா தரையில் ஒரு வாளையும் ஒரு பந்தையும் வைக்கிறார். குழந்தையைப் பார்த்துப் பேசுகிறார்: பந்தை எடுத்தால் உன்னை அம்மாவிடமே அனுப்பிவிடுவேன், வாளை எடுத்தால் என்னோடு வா. குழந்தைக்கு என்ன புரியும்? தவழ்ந்து போகிறது. பந்தைப் பார்க்கிறது, நிற்கிறது. கோஜிமாவின் தூரிகை அந்தச் சில கட்டங்களில் நம்மை மூச்சுவிட விடாது. காலின்ஸின் பையன் அப்பாவோடு காரில் ஏறுவதற்கும் இந்தக் குழந்தை வாளைத் தொடுவதற்கும் உள்ள உறவை, இரண்டையும் படித்தவர்கள் உணர்வார்கள்.

ஆனால் நடைமுறைக்கு வருவோம். டார்க் ஹார்ஸ் வெளியிட்ட ஆங்கிலப் பதிப்பு 28 தொகுதி. மொத்தம் எட்டாயிரம் பக்கத்துக்கு மேல். தனித்தனி அத்தியாயங்களாக எழுதப்பட்டதால் பாதியில் விட்டாலும் நஷ்டமில்லை என்பது ஆறுதல். செலவு? அதைச் சொல்லவே வேண்டாம். அந்த முதல் 28 தொகுதிகளும் உள்ளங்கை அளவு. கண்ணாடி போட்டவர்களுக்குச் சிரமம். பின்னால் வந்த தடிமனான தொகுப்புகள் பன்னிரண்டு. படிக்க அவையே வசதி. வன்முறை மூன்றிலும் இதில்தான் உச்சம். பெண்கள் மீதான பாலியல் வன்முறையும் வருகிறது. இது முழுக்கப் பெரியவர்களுக்கானது. அட்டையில் குழந்தை இருக்கிறதே என்று பிள்ளைகளிடம் கொடுத்துவிடாதீர்கள்.

குறுக்கு வழியாக, 1972-74ல் ஜப்பானில் வந்த ஆறு படங்கள் இருக்கின்றன. நல்ல படங்கள், வேறு மாதிரியானவை. மங்காவுக்கு மாற்று என்று சொல்ல மாட்டேன்.

## ஒரே பார்வையில்

| | படம் | கிராஃபிக் நாவல் | மங்கா |
|---|---|---|---|
| நேரம் | 117 நிமிடம் | ஒரு விடுமுறை நாள் | சில மாதங்கள் |
| செலவு | குறைவு | நடுத்தரம் | அதிகம் |
| ரத்தம் | அடக்கம் | தாராளம் | மிக அதிகம் |
| காலம் | தோற்றம் அசல், நிஜ ஆட்கள் குறைவு | நிஜ ஆட்கள் அதிகம், வருடம் இடம் மாறியது | எடோ ஜப்பான், நுணுக்கம் அபாரம் |
| யார் கண்ணில் | பெரும்பாலும் அப்பாவை வெளியிலிருந்து | வளர்ந்த மகன் | அப்பா. சில அத்தியாயங்களில் குழந்தை |
| எதில் பார்க்க வேண்டாம் | மொபைல் | மொபைல் | உள்ளங்கைப் பதிப்பு |

## முதலில் எது மற்றதைக் கெடுக்கும்?

படத்துக்கும் நாவலுக்கும் பாதை ஒன்றானாலும் போய்ச்சேரும் விதம் வேறு. பெர்டிஷன் என்ற ஊரே வேறு இடத்தில் இருக்கிறது: நாவலில் கன்சாஸ் மாநிலத்தில், படத்தில் மிஷிகன் ஏரிக்கரையில். கடைசிக் கட்டமும் அப்படியே வேறாகிறது. அதனால் எதை முதலில் எடுத்தாலும் அடுத்ததில் உங்களுக்கென்று ஏதோ மிச்சம் இருக்கும்.

இருந்தும் நான் படத்தை முன்னால் வைக்கிறேன். காரணம் அந்த மௌனம். அது முதல் தடவைக்கு மட்டுமே உரியது. யார் யாரை எப்போது காட்டிக்கொடுப்பார்கள் என்று தெரிந்துவிட்டால் பியானோ காட்சியும் மழைக் காட்சியும் அழகாகத் தெரியுமே தவிர, வயிற்றைப் பிசையாது. ஒரு உதாரணம் சொல்கிறேன். மைக்கேல் ஒரு கடிதத்தை ஒரு கடைக்காரனிடம் கொண்டுபோய்க் கொடுக்கிறான். வாசலிலேயே அவன் துப்பாக்கியை வாங்கி வைத்துவிட்டார்கள். கடைக்காரன் கடிதத்தைப் பிரித்துப் படிக்கிறான். ஹாங்க்ஸ் எதிரே நின்று அவன் கண் எங்கே போகிறது என்று பார்த்துக்கொண்டிருக்கிறார். கடிதத்தில் என்ன இருக்கிறது என்று நமக்கும் தெரியாது, அவருக்கும் தெரியாது. முன்பே புத்தகம் படித்தவருக்கு அந்த அரை நிமிடம் போச்சு.

நாவலுக்கு அந்த ஆபத்து குறைவு. வளர்ந்த மகன் சொல்கிற கதை என்பதால், நடந்து முடிந்த ஒன்றைக் கேட்கிறோம் என்ற உணர்வு தொடக்கத்திலேயே வந்துவிடுகிறது. என்ன நடந்தது என்பதைவிட, அதை அவன் எப்படிச் சொல்கிறான் என்பதே அங்கே ஈர்ப்பு. படம் பார்த்துவிட்டுப் போனாலும் அது குறையாது.

## யாருக்கு எது?

ஒரே ஒரு ராத்திரிதான் இருக்கிறது, வீட்டில் ஓரளவு பெரிய திரை இருக்கிறது என்றால் படம். யோசிக்கவே வேண்டாம்.

வேகமான சண்டைப் படங்களை விரும்புகிறவர், மெதுவான காட்சிகளில் பொறுமை போய்விடும் என்றால் நாவலிலிருந்து தொடங்குங்கள். மெண்டிஸின் நிதானம் உங்களுக்குச் சோதனையாக இருக்கும். நாவல் ஓட்டமாக ஓடும். அப்புறம் படத்துக்கு வந்தால் இந்த மனிதர் எதையெல்லாம் வேண்டாமென்று விட்டார் என்று பார்ப்பதே சுவாரசியமாக இருக்கும்.

ஓவியம் கற்கிறவர், காமிக்ஸ் வரைய ஆசைப்படுகிறவர் என்றால் உங்களுக்கும் நாவல்தான் முதலில். படத்தின் சட்டகங்கள் மனதில் பதிந்தபின் ரெய்னரின் பக்கங்களைச் சுத்தமான கண்ணோடு பார்க்க முடியாது.

அமெரிக்கக் குற்ற வரலாற்றில் நாட்டம் உள்ளவர் நாவலையும், கூடவே உண்மையான ஜான் லூனியின் கதையையும் தேடிப் படியுங்கள். லூனியின் வாழ்க்கை இரண்டு படைப்பையும்விட விசித்திரமானது.

மங்கா? இந்தப் படத்துக்கு முன்தயாரிப்பாக என்று மட்டும் அதில் இறங்காதீர்கள். பத்தாவது தொகுதியிலேயே பெர்டிஷன் மறந்துபோகும், அதுதான் அதன் பெருமை. அதைத் தனியாக, அதற்கென்று ஒரு வருடத்தில் எடுங்கள். இப்போதைக்கு ருசி பார்க்க வேண்டுமென்றால் முதல் தொகுதி மட்டும் போதும்; வாளும் பந்தும் அதில் வந்துவிடும்.

சமீபத்தில் அப்பாவை இழந்தவர்கள், அல்லது அப்பாவோடு பேச்சுவார்த்தை நின்றுபோனவர்கள் யாராவது இதைப் படித்தால், அவர்களுக்கு நான் படத்தைச் சொல்ல மாட்டேன், இப்போதைக்கு வேண்டாம். கார் ஓட்டக் கற்றுக்கொடுக்கும் காட்சி ஒன்று வருகிறது, சிரிப்பாகத்தான் எடுத்திருக்கிறார்கள், அதுவே தாங்காது. நாவலின் சத்தமும் சண்டையும் கொஞ்சம் தூரத்தில் வைத்து ஆற்றுப்படுத்தும். அதில் தொடங்குங்கள்.

இரண்டையும் எடுக்கப்போகிறவர்கள் நடுவில் இரண்டு மூன்று வாரம் இடைவெளி விடுங்கள். அடுத்த நாளே எடுத்தால் வித்தியாசங்களைக் கணக்குப் பார்ப்பதிலேயே நேரம் போய்விடும். இரண்டும் முடிந்தபின் இன்னும் வேண்டும் என்றிருந்தால் காலின்ஸ் எழுதிய தொடர்ச்சிகள் இருக்கின்றன. அவற்றில் 'ரோட் டு பெர்டிஷன் 2: ஆன் த ரோட்' மூல நாவலின் பயணத்துக்கு நடுவே நடப்பவற்றைச் சொல்கிறது. ஹோசே லூயிஸ் கார்சியா லோபெஸ், ஸ்டீவ் லீபர் வரைந்தது. 'ரோட் டு பர்கட்டரி', 'ரோட் டு பாரடைஸ்' இரண்டும் உரைநடை. மகன் பெரியவனான பிறகு நடக்கும் கதைகள். மூல நாவலின் கடைசிப் பக்கம் வரை போகாமல் அவற்றின் பின்னட்டையைக்கூடப் படித்துவிடாதீர்கள்.